அளக்காமல் இடிக்காதே!

“ஆக்கிரமிப்பாளன்!”

ஒரே ஒரு சொல். அதிகாரியின் வாயிலிருந்து அது உதிர்ந்த மறுகணம், நேற்றுவரை குடும்பத் தலைவனாக இருந்தவன் குற்றவாளியாகிறான். நேற்றுவரை வீடாக இருந்தது குப்பைமேடாகிறது. வீட்டு வரி வாங்கிய கையே வாயிற்கதவைப் பிடுங்குகிறது. விளக்கெரிய மின்சாரம் தந்த அரசே வீட்டுக்காரனை இருட்டிலே தள்ளுகிறது. ஏன் என்று கேட்டால் விடை ஒன்றே ஒன்றுதான்: “இது சர்க்கார் நிலம்!”

சர்க்கார் நிலமா? இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம். அதை முடிவுகட்ட வேண்டியவர் யார்? எந்த முறையிலே முடிவுகட்ட வேண்டும்? முடிவுகட்டும் முன்னர் யாரைக் கேட்க வேண்டும்? இந்த மூன்று கேள்விகளைப் பற்றித்தான் தோழர்களே, இன்று உங்களோடு பேச விரும்புகிறேன்.

பக்கத்து வயல்காரன் வருகிறான். “உன் வரப்பு என் நிலத்திலே ஒரு முழம் நுழைந்திருக்கிறது” என்கிறான். சொல்லிவிட்டு, மண்வெட்டியை எடுத்து அவனே வரப்பை வெட்டிவிடலாமா? கூடாது. ஊர் கூடும். அளவர் வருவார். இரண்டு பேர் கையிலுள்ள பத்திரங்களும் விரித்துப் பார்க்கப்படும். தீராவிட்டால் நீதிமன்றம் இருக்கிறது. இது நியாயம். பாமரனுக்கும் புரிந்த நியாயம்.

ஆனால் வழக்காட வருவது சர்க்கார் என்றால் மட்டும் நியாயம் நிறம் மாறிவிடுகிறது! வாதி சர்க்கார். சாட்சி சர்க்காரின் பதிவேடு. அதைப் படித்துப் பார்ப்பவர் சர்க்காரின் வட்டாட்சியர். தீர்ப்புச் சொல்பவரும் அவரே. தீர்ப்பை நிறைவேற்ற வருவது சர்க்காரின் இயந்திரம். காவலுக்கு நிற்பது சர்க்காரின் போலீஸ். ஒரு நாடகத்திலே எல்லா வேடத்தையும் ஒருவரே கட்டினால் பார்ப்பதற்கு வேடிக்கையாக இருக்கும். ஒரு ஏழையின் வீட்டு வாசலிலே அந்த நாடகம் நடந்தால்? வேடிக்கையல்ல தோழர்களே, வேதனை!

இதைச் சொன்னவுடன் சிலர் குறுக்கிடுவார்கள். “அப்படியானால் ஏரியை வளைத்தவனுக்கு வக்காலத்தா? 2015-ம் ஆண்டு டிசம்பரில் சென்னை மூழ்கியதை மறந்துவிட்டீரா?” என்பார்கள்.

மறக்கவில்லை. தண்ணீர் போக வழியில்லாமல் ஊரே தத்தளித்ததை யார் மறக்க முடியும்? ஏரி மக்களின் சொத்து. கால்வாய் மக்களின் சொத்து. மேய்க்கால், களம், வண்டிப்பாதை, சுடுகாடு அத்தனையும் ஊருக்குப் பொது. அதை ஒருவன் வளைப்பது ஊரார் வயிற்றிலே அடிப்பது. ஆக்கிரமிப்பு அகற்றப்படத்தான் வேண்டும். நாம் கேட்பது அதைத் தடுப்பதற்கன்று. ஆக்கிரமிப்புத்தான் என்பதை முதலில் மெய்ப்பித்துக் காட்டு, பிறகு அகற்று என்கிறோம். குற்றச்சாட்டு வேறு, தீர்ப்பு வேறு. இரண்டுக்கும் நடுவிலே விசாரணை என்று ஒன்று உண்டு. அந்த நடுப்பக்கத்தைக் கிழித்துவிட்டுக் கடைசிப் பக்கத்தைப் படிக்காதே என்கிறோம்.

புதிய நீதியா இது? இல்லை, இந்த மண்ணின் பழைய நீதி. சிலப்பதிகாரம் தந்த நீதி.

மதுரையிலே நடந்தது என்ன? பொற்கொல்லன் ஒருவன் சொன்னான், அரசியின் சிலம்பைத் திருடியவன் அகப்பட்டுவிட்டான் என்று. பாண்டியன் நெடுஞ்செழியன் கோவலனை அழைத்துக் கேட்டானா? இல்லை. சிலம்பை வாங்கிப் பார்த்தானா? இல்லை. சொன்னவன் யார், அவன் யோக்கியதை என்ன என்று ஆராய்ந்தானா? அதுவும் இல்லை. உண்மையில் திருடியவன் அந்தப் பொற்கொல்லனே! குற்றம் சாட்டியவன் கொள்ளைக்காரன், கொல்லப்பட்டவன் குற்றமற்றவன். ஒரு தரப்பை மட்டும் கேட்டதன் விளைவு அது.

கண்ணகி வந்து என்ன செய்தாள்? கருணை காட்டு என்று கெஞ்சவில்லை. சோதித்துப் பார் என்றாள். சிலம்பை உடைத்தாள். அரசியின் சிலம்பிலே இருந்தவை முத்துக்கள். இதிலே தெறித்தவை மாணிக்கங்கள். சான்று பேசியது, அரசன் வாய் அடைத்தது. செய்த தவறு புரிந்ததும் அந்தப் பாண்டியன் சிங்காதனத்திலேயே உயிர் விட்டான். இன்று தவறான வீட்டை இடித்த அதிகாரிக்கு மாற்றல் உத்தரவுகூட வருவதில்லை!

இன்னொரு விந்தையையும் கேளுங்கள். விசாரிக்காமல் தண்டித்தாயே என்று வேந்தனையே கேட்டாள் கண்ணகி. சென்னையிலே ஆற்றங்கரைகளிலிருந்தும் கால்வாய்க் கரைகளிலிருந்தும் அகற்றப்பட்ட ஏழைகளை 2000-ம் ஆண்டு முதல் கொண்டுபோய்க் குடியேற்றினார்களே, ஒக்கியம் துரைப்பாக்கத்திலே, அந்த இடத்திற்கு என்ன பெயர்? கண்ணகி நகர்! அங்கே போனவர்களில் எத்தனை பேரிடம், போவதற்கு முன்னால், “உன் பக்கத்து நியாயம் என்ன?” என்று ஒருவர் வந்து கேட்டிருப்பார்? அந்தக் கேள்விக்கு விடை சொல்ல வேண்டியவர்கள் கோட்டையிலே இருந்தவர்கள்.

சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம்.

1905-ம் ஆண்டு. ஆம்ப்தில் பிரபு சென்னை மாகாண கவர்னராக வீற்றிருந்த காலம். அன்று பிறந்தது நில ஆக்கிரமிப்புச் சட்டம், அந்த ஆண்டின் 3-வது சட்டம். வெள்ளைக்காரன் போய்விட்டான், சட்டம் போகவில்லை. இன்றும் தமிழ்நாட்டிலே வட்டாட்சியர் கையிலே இருக்கும் ஆயுதம் அதுதான்.

அதன் 2-வது பிரிவு, சாலை, தெரு, பாலம், ஆறு, ஓடை, ஏரி, கால்வாய் எல்லாம் சர்க்கார் சொத்து என்கிறது. அதோடு நிற்கவில்லை. வேறொருவருக்கு உரிமையானது என்று ஆகாத நிலமெல்லாம் சர்க்காருக்கே என்று பெரிய வலையாக வீசுகிறது. 5-வது பிரிவு அபராதம். 6-வது பிரிவு வெளியேற்றம். ஆனால், இங்கேதான் கவனிக்க வேண்டும் தோழர்களே, 7-வது பிரிவு என்று ஒன்று இருக்கிறது. அபராதம் போடுமுன், வெளியேற்றுமுன், இன்ன நிலம் என்று குறிப்பிட்டுத் தாக்கீது கொடு. ஏன் உன்மேல் நடவடிக்கை எடுக்கக்கூடாது என்று கேள். விடை சொல்ல நாள் கொடு என்று கட்டளையிடுகிறது அது. 10-வது பிரிவு மேல்முறையீட்டுக்கு வழி திறக்கிறது.

எண் வரிசையில் ஆறு முன்னே, ஏழு பின்னே. நடைமுறையிலோ ஏழு முன்னே வர வேண்டும், ஆறு பின்னே வர வேண்டும். ஏழு என்பது கேள்வி, ஆறு என்பது முடிவு. பல இடங்களிலே நடப்பது என்ன? ஏழு கொடுத்த மை காய்வதற்குள் ஆறு வருகிறது. எழுதிக் கொடுத்த விளக்கத்தைப் படித்ததற்கு அடையாளமே இல்லாமல், அச்சடித்த தாளிலே பெயரை மட்டும் நிரப்பி உத்தரவு வருகிறது. வெள்ளைக்காரன் ஏட்டிலே எழுதிவைத்த நியாயத்தைக்கூட நம்மவர்கள் நாட்டிலே நடத்திக்காட்டத் தயங்கினால், அதற்குப் பெயர் சுயராஜ்யமா?

“பதிவேட்டிலே புறம்போக்கு என்று இருக்கிறதே, பிறகு விசாரணை எதற்கு?” என்று அதிகாரி கேட்கலாம். பதிவேடு வானத்திலிருந்து விழுந்ததல்ல. மனிதன் எழுதியது, மனிதன் தவறு செய்வான். 1979 முதல் 1987 வரை தமிழ்நாடெங்கும் நிலவுடைமைப் பதிவேடுகளைப் புதுப்பிக்கும் திட்டம் நடந்தது. அந்தக் காலத்திலே புகுந்த பிழைகளைத் திருத்தக் கோரி இன்றுவரை மக்கள் மனுவோடு அலைகிறார்கள். பெயர் மாறியது உண்டு, பரப்பு குறைந்தது உண்டு, பட்டா நிலம் புறம்போக்கு என்று பதிவானதும் உண்டு. உட்பிரிவு எண் ஒன்று பிசகினால் ஒரு குடும்பம் தெருவுக்கு வரும். அந்தப் பிசகை யார் கண்டுபிடிப்பது? குடியிருப்பவனைக் கேட்டால்தானே தெரியும்!

கிராம நத்தத்தை எடுத்துக்கொள்ளுங்கள். தலைமுறை தலைமுறையாக ஊரார் வீடு கட்டி வாழும் மண் அது. நத்தம் அரசுக்குச் சொந்தமான புறம்போக்கு அல்ல, அங்கே குடியிருப்பவரை 1905-ம் ஆண்டுச் சட்டத்தைக் காட்டி வெளியேற்ற முடியாது என்று சென்னை உயர்நீதிமன்றம் பலமுறை தீர்ப்பளித்திருக்கிறது. பலமுறை! ஒருமுறை சொன்னால் போதாதா? போதவில்லை, தாக்கீது அனுப்புவோர் நிறுத்தவில்லை.

‘பி மெமோ’ என்று நம் கிராமத்துத் தோழர்களுக்கு நன்கு தெரிந்த ஒன்று உண்டு. புறம்போக்கிலே இருப்பவன்மேல் கிராம நிர்வாக அலுவலர் எழுதும் குறிப்பு. அதன்பேரில் தண்டத்தீர்வை போடுவார்கள். ஏழை ஆண்டுதோறும் கட்டுவான். ரசீதைப் பெட்டியிலே பூட்டிப் பத்திரமாக வைப்பான். அவனுக்கு அது பட்டா மாதிரி! சட்டப்படி அது பட்டா அல்ல. உரிமை தரும் தாளும் அல்ல. ஆனால் இத்தனை ஆண்டு இவன் இங்கே இருந்தது சர்க்காருக்குத் தெரியும் என்பதற்கு அது சாட்சி. தெரிந்தே இருக்கவிட்டாய், பணம் வாங்கினாய், பெட்டியை நிரப்பினாய். இன்று, “நீ யார்? எப்போது வந்தாய்?” என்று திடுக்கிட்டவனைப்போலக் கேட்கிறாயே, இது என்ன நடிப்பு?

இந்த 1905-ம் ஆண்டுச் சட்டம் உச்சநீதிமன்றத்தின் முன்னே நின்ற கதை ஒன்று உண்டு. ஐதராபாத்திலே ஹப்சிகுடா. அங்கேயுள்ள நிலம் தனக்கென்று அரசு கையகப்படுத்தியது என்றது உஸ்மானியா பல்கலைக்கழகம். 1956-ல் வழக்குப் போட்டது, தோற்றது. வாசல் வழியே வர முடியவில்லை, சன்னல் வழியே நுழையலாம் என்று நினைத்தார்கள் போலும்! 1973-ல் அரசிடம் சொல்லி, ஆந்திரத்திலும் நடப்பிலிருந்த இதே ஆக்கிரமிப்புச் சட்டத்தை ஏவினார்கள். வட்டாட்சியர், வெளியேறு என்றார். வழக்கு டில்லிவரை போயிற்று. 1982-ல் தலைமை நீதிபதி ஒய்.வி. சந்திரசூட் சொன்ன தீர்ப்பின் சாரம் இதுதான்: நிலம் யாருடையது என்பதிலேயே உண்மையான தகராறு இருக்குமானால், அரசு தனக்குச் சாதகமாகத் தானே முடிவு செய்துகொண்டு, இந்தக் குறுக்குவழிச் சட்டத்தால் ஒருவனை வெளியேற்ற முடியாது. சிவில் நீதிமன்றத்திற்குப் போ. உரிமையை மெய்ப்பித்துக்கொண்டு வா!

“அது பத்திரம் வைத்திருந்தவன் கதை. பத்திரமே இல்லாத நடைபாதைவாசிக்கு என்ன?” என்று கேட்பீர்கள். அதற்கும் விடை இருக்கிறது. அந்த விடையிலே ஒரு தமிழனின் வியர்வையும் கலந்திருக்கிறது.

1981-ல் பம்பாயிலே முதலமைச்சர் அந்துலே அறிவித்தார்: நடைபாதையிலே வாழ்பவர்களைப் பிடித்துச் சொந்த ஊருக்கு ஏற்றி அனுப்புவோம் என்று. மழை கொட்டும் சூலை மாதம்! எதிர்த்து வழக்காடியவர்களிலே சேலத்துக்காரர் ஒருவர் உண்டு. நிலமற்ற கூலி. வறட்சி விரட்ட, 1961-ல் பம்பாய்க்குப் பிழைக்கப் போனவர். நெடுஞ்சாலை ஓரம் ஒரு பிளாஸ்டிக் கூரை. நாளொன்றுக்கு 23 ரூபாய்க் கூலி. அவர் வழக்கையும் சேர்த்துத்தான் ஐந்து நீதிபதிகள் கேட்டார்கள். தாக்கீது இல்லாமலே அகற்றலாம் என்று 1888-ம் ஆண்டு மாநகராட்சிச் சட்டம் இருக்கிறதே என்றது மறுதரப்பு. அகற்றலாம் என்றால் அகற்றியே தீர வேண்டும் என்று பொருளல்ல. தாக்கீது கொடுப்பதே விதி, கொடாமை அரிதான விலக்கு என்றது 1985 சூலை 10-ம் நாள் தீர்ப்பு. பிழைப்பைப் பறிப்பது உயிரைப் பறிப்பதற்கு ஒப்பாகும் என்றும் சொன்னது.

முழு உண்மையையும் சொல்லிவிடுகிறேன். நடைபாதையிலே நிலையாகக் குடியிருக்க உரிமை உண்டு என்று அந்தத் தீர்ப்பு சொல்லவில்லை. அகற்றலாம் என்றுதான் சொன்னது. ஆனால் அந்த ஆண்டு அக்டோபர் 31 வரை, மழைக்காலம் கழியும்வரை, கைவைக்காதே என்றது. இருக்கும் உரிமை இல்லாதவனுக்கும் கேட்கப்படும் உரிமை உண்டு! தோற்கப் போகிறவனாயினும் அவன் வாயைத் திறக்கவிடு; அவனும் மனிதன்! இதுதான் அந்தத் தீர்ப்பின் உயிர்நாடி.

ஒய்.வி. சந்திரசூட் சொல்லி 39 ஆண்டுகள் கழித்து, அவர் மகன் டி.ஒய். சந்திரசூட்டும் தலைமை நீதிபதியாக இருந்து அதையே சொல்ல நேர்ந்தது. உத்தரப் பிரதேசம், மகராஜ்கஞ்ச். சாலையை அகலப்படுத்துகிறோம் என்று 2019-ல் ஒருவர் வீட்டை இடித்தார்கள். எழுத்திலே தாக்கீது இல்லை; தண்டோராதான் தாக்கீது! ஆக்கிரமிப்பு என்று அதிகாரிகளே சொன்னது அதிகம் போனால் 3.70 மீட்டர். இடிபட்டதோ அதற்கும் அப்பால். 2024 நவம்பர் 6-ம் நாள் உச்சநீதிமன்றம் 25 லட்சம் ரூபாய் கொடு என்றது. அதோடு வழிமுறையும் வகுத்தது. பதிவேட்டைப் பார்த்துச் சாலையின் அகலத்தை உறுதி செய். அளந்து பார். ஆக்கிரமிப்பு இருந்தால் எழுத்தில் தாக்கீது கொடு. மறுப்பு வந்தால் காரணம் காட்டி முடிவு சொல். அகல உனக்கு இடம் போதவில்லை என்றால், பிறன் நிலத்தைச் சட்டப்படி ஈடு கொடுத்து எடுத்துக்கொள்!

ஒரு வாரம் கழிந்தது. 13-ம் நாள், நீதிபதிகள் பி.ஆர். கவாயும் கே.வி. விசுவநாதனும் நாடு முழுமைக்கும் கட்டளையிட்டார்கள். 15 நாள் தாக்கீது, பதிவுத் தபாலில். நேரில் விசாரணை. காரணத்தோடு உத்தரவு. உத்தரவுக்குப் பின்னும் 15 நாள் அவகாசம். இடிப்பதை முழுதும் படமெடுத்து வை. மீறினால், அதிகாரி தன் சொந்தப் பணத்திலிருந்து ஈடு கொடுக்க வேண்டும். பாண்டியன் உயிரைக் கொடுத்தான். இவர்கள் பணத்தையாவது கொடுக்கட்டும் என்பது போல!

கைதட்டிவிடாதீர்கள் தோழர்களே, அந்தக் கட்டளையிலே ஒரு விலக்கும் இருக்கிறது. சாலை, தெரு, நடைபாதை, ரயில் பாதையோரம், ஆறு, நீர்நிலை ஆகிய பொது இடங்களுக்கும், நீதிமன்றமே இடிக்கச் சொன்ன இடங்களுக்கும் அது பொருந்தாது. ஏழை எங்கே வாழ்கிறான்? மாம்பழத் தோப்பிலா? நடைபாதையிலே, ரயில் பாதையோரத்திலே, கால்வாய்க் கரையிலே! யாருக்குக் காவல் மிகவும் வேண்டுமோ, அவன் வீட்டு வாசலோடு அந்தக் காவல் நின்றுவிடுகிறது.

அதனால் அவனுக்கு ஒன்றுமே இல்லையா? உண்டு. 15 நாள் விதிக்கு விலக்கு இருக்கலாம். நியாயத்துக்கு விலக்கு இல்லை. சாலைக்கும் ஏரிக்கும் என்றே எழுதப்பட்ட 1905-ம் ஆண்டுச் சட்டத்தின் 7-வது பிரிவு அப்படியே நிற்கிறது. அந்தச் சட்டத்தால் அகற்றுவதானால் தாக்கீது வேண்டும். ஏரிகளுக்கென்று தமிழ்நாடு 2007-ல் தனிச்சட்டம் செய்தது. அதன்மேல் வழக்கு வந்தபோது, சட்டம் செல்லும், ஆனால் குடியிருப்பவருக்குத் தாக்கீது கொடுத்து அவர் மறுப்பைக் கேட்ட பின்னரே அகற்ற வேண்டும் என்று 2010-ல் சென்னை உயர்நீதிமன்றம் சொன்னது. தள்ளுவண்டித் தோழர்களுக்கும் 2014-ம் ஆண்டின் தெருவோர வணிகர் சட்டம் இருக்கிறது: 30 நாள் தாக்கீது இல்லாமல் அப்புறப்படுத்தக் கூடாது, பறித்த சரக்குக்குப் பட்டியல் தர வேண்டும்.

“இப்படித் தாக்கீது, விசாரணை, மேல்முறையீடு என்று போனால் ஒரு ஏரியையும் மீட்க முடியாதே! பெரிய புள்ளிகள் கோர்ட்டுக்குப் போய்த் தடை வாங்கிவிடுகிறார்களே!” என்று நல்லெண்ணம் கொண்டவர்களே கவலைப்படுகிறார்கள். நியாயமான கவலை. ஆனால் சற்றே எண்ணிப் பாருங்கள். பெரிய புள்ளிக்கு விசாரணை முறை இன்றும் இருக்கிறது. அவனிடம் வக்கீல் இருக்கிறார், பணம் இருக்கிறது. இயந்திரம் வருமுன்னே தடையாணை வந்துவிடும். முறையில்லாமல் இடிபடுவது யார் வீடு? முறையைக் கேட்கத் தெரியாதவன் வீடு. மாளிகைக்கு மன்றம், மண்குடிசைக்கு மண்வாரி! நேர்முறையைக் கைவிட்டால் பெரிய ஆக்கிரமிப்பு மறையாது. சின்ன மனிதன்தான் மறைவான்.

இன்னொன்று. பெரிய புள்ளிக்குத் தடையாணை எதனால் கிடைக்கிறது? பெரும்பாலும், அதிகாரி முறை தவறியதால்! தாக்கீது இல்லை, அளக்கவில்லை, காரணம் எழுதவில்லை என்று உத்தரவு ரத்தாகிறது. மறுபடி முதலிலிருந்து தொடங்கு. ஆண்டுகள் ஓடும். ஒழுங்காக அளந்து, ஒழுங்காகக் கேட்டு, ஒழுங்காக எழுதியிருந்தால் அந்த உத்தரவை எந்த வக்கீலாலும் எளிதில் அசைக்க முடியாது. ஏரியை மீட்க விரும்புகிறவன்தான் முதலில் முறையைக் கேட்க வேண்டும்.

மேலும், ஏரியைத் தூர்த்தவன் ஏழை மட்டும்தானா? தியாகராய நகரும் நுங்கம்பாக்கத்தின் ஒரு பகுதியும் எழுந்தது பழைய மாம்பலம் ஏரியை ஒழித்து. மதுரையிலே உயர்நீதிமன்றக் கிளை 2004-ல் எழுந்து நிற்பது உலகனேரிக் கண்மாய்ப் பகுதியிலே. சர்க்கார் ஏரியிலே கட்டினால் திட்டம்; சாமானியன் கட்டினால் திருட்டு! இருவருக்கும் ஒரே அளவுகோல் வேண்டும் என்று கேட்பது குற்றமா?

கேட்காமல் செய்ததன் விலை என்ன என்பதைச் சென்னை கண்டது. 2022 மே மாதம். இராஜா அண்ணாமலைபுரம், கோவிந்தசாமி நகர். பக்கிங்காம் கால்வாய்க் கரை. நீதிமன்ற ஆணையைக் காட்டி வீடுகள் இடிக்கப்பட்டுக்கொண்டிருந்தபோது, அங்கே வாழ்ந்த முதியவர் ஒருவர் தம் உயிரையே மாய்த்துக்கொண்டார். அதன் பிறகுதான் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் சட்டமன்றத்திலே எழுந்து, இனி மறுகுடியமர்த்துவதற்கு முன்பே மக்களிடம் கருத்துக் கேட்கப்படும் என்றார். நல்ல அறிவிப்பு. அந்த அறிவிப்பு ஒரு பிணத்துக்குப் பின்னால் வந்ததே என்பதுதான் நெஞ்சைச் சுடுகிறது. எங்கே அனுப்பப் போகிறாய், வேலைக்கு எப்படிப் போவான், பிள்ளையின் படிப்பு என்னாகும் என்று கேட்பதும் விசாரணையின் ஒரு பகுதியே. கூரை மாறலாம், கூலி அறுந்துவிடக் கூடாது.

சரி, நாம் என்ன செய்ய வேண்டும்? மேடையிலே முழங்கினால் போதுமா? போதாது. கிளைத் தோழர்களுக்குச் சில வேலைகள் இருக்கின்றன.

முதலாவது, தாக்கீது வந்தால் கிழித்தெறியாதீர்கள், வாங்க மறுக்காதீர்கள். வாங்கிப் படியுங்கள். எந்தப் பிரிவு, ஏழா ஆறா? புல எண் என்ன? எத்தனை அடி? எந்த நாளுக்குள் விடை? படிக்கத் தெரியாதவருக்குப் படித்துக்காட்டுவது ஓட்டுக் கேட்பதைவிட உயர்ந்த தொண்டு.

இரண்டாவது, விடையை எழுத்திலே கொடுங்கள். நகல் வைத்துக்கொள்ளுங்கள். அலுவலகத்திலே கொடுத்தால் முத்திரையோடு ஒப்புகை. தபாலில் என்றால் பதிவுத் தபால். வாயால் சொன்னது காற்றோடு போகும்.

மூன்றாவது, அளக்கச் சொல்லுங்கள். குடியிருப்பவர் முன்னிலையிலே அளவர் வந்து அளக்கட்டும். புல வரைபடம், ‘அ’ பதிவேடு, அடங்கல் ஆகியவற்றின் நகலைக் கேளுங்கள். தராவிட்டால் 2005-ம் ஆண்டின் தகவல் உரிமைச் சட்டம் இருக்கிறது.

நான்காவது, ரேஷன் அட்டை, மின்கட்டண ரசீது, வீட்டுவரி ரசீது, பி மெமோ ரசீது, பிள்ளைகளின் பள்ளிச் சான்று எல்லாவற்றையும் திரட்டுங்கள். இவை நிலத்தை உங்களுக்குச் சொந்தமாக்கா. எத்தனை காலம் இருந்தீர்கள் என்பதைச் சொல்லும். மாற்றிடம் கேட்கையிலே அதுவே பலம்.

ஐந்தாவது, உத்தரவு பாதகமாக வந்தால் காலம் கடத்தாமல் மேல்முறையீடு. வக்கீலுக்குப் பணமில்லை என்று சோர்ந்துவிடாதீர்கள். பெண்கள், தாழ்த்தப்பட்ட மக்கள், பழங்குடியினர், ஆலைத் தொழிலாளர்கள், குறைந்த வருமானம் உள்ளோர் ஆகியோருக்குச் செலவில்லாமல் வழக்காட, நீதிமன்ற வளாகத்திலேயே சட்டப்பணிகள் ஆணைக்குழு இருக்கிறது. அழைத்துக்கொண்டு போங்கள்.

ஆறாவது, இது நமக்கே கசக்கும், ஆனாலும் சொல்கிறேன். ஏரிக்கரையிலே கொடிக்கம்பத்தை நட்டு, அதன் நிழலிலே மனை பிரித்து, ஏமாந்த ஏழையிடம் பணம் பிடுங்குகிறவன் எந்தக் கட்சிக்காரனானாலும் அவனுக்கு அரணாக நிற்காதீர்கள். நாளை இடிபடப் போவது அவன் வீடல்ல. அவனை நம்பி வாங்கியவன் வீடு. அளந்து பார்த்து ஏரிதான் என்று மெய்யாகவே தெரிந்தால், பொய் சொல்லச் சொல்லாதீர்கள். காலம் கேளுங்கள். வேலைக்கு அருகிலே மாற்றிடம் கேளுங்கள். பள்ளித் தேர்வு முடியட்டும், மழை ஓயட்டும் என்று கேளுங்கள். மெய்யைச் சொல்லிக் கேட்பவன் குரலுக்கு வலு அதிகம்.

அரசிடம் நாம் கேட்பது இரக்கமல்ல, ஒழுங்கு. முதலில் எல்லைக்கல், பிறகு ஏழாம் பிரிவு, பிறகு எங்கள் விடை, பிறகு உன் காரணம், பிறகு எங்கள் மேல்முறையீடு. இத்தனையும் முடிந்தபின், நிலம் ஊருடையதுதான் என்றால் ஊருக்கு வழிவிட உழைப்பாளி தயங்கமாட்டான். அந்த ஏரித் தண்ணீரைக் குடிப்பவன் அவனும்தானே! ஆனால் அளக்காத நிலத்திலே, கேட்காத மனிதன்மேல், காரணம் எழுதாத தாளைக் காட்டிக்கொண்டு வரும் இயந்திரத்துக்கு அவன் சொல்ல வேண்டியது ஒன்றுதான்:

சங்கிலியைக் கொண்டு வா! அளந்து பார்! அதுவரை என் கூரைமேல் கை வைக்காதே!